பொறந்த ஊட்டுக் கோடி

நான் மொத தடவை செத்தப்ப எனக்கு இருபத்தியொரு வயசு. கெணத்துல விழுந்து செத்தேன். கதாநாயகிக்குச் சிநேகிதி வேஷம். அந்தக் காலத்துப் படத்துல சிநேகிதின்னு ஒருத்தி இருந்தா, இடைவேளைக்கு முன்னாடி செத்தே ஆகோணும். அப்பத்தான் கதாநாயகிக்குக் கோவம் வரும், கதை நகரும். என்னைக் கட்டில்ல படுக்கப் போட்டு, மூக்குல பஞ்சு வெச்சு, நெத்தியில ஒத்த ரூபாயை ஒட்டி, தாடையச் சேத்து வெள்ளத் துணியில கட்டிவிட்டாங்க. எனக்கு அண்ணனா நடிச்சவரு ஒரு புதுச் சேலைய என்ற மேல போத்திப்போட்டு மாருல அடிச்சுட்டு அழுதாரு. அதுக்கு முந்துன நாளுதான் அவரை நான் மொதமொதல்ல பாத்தேன்.

அந்தச் சேலைக்குத்தான் கோடின்னு பேரு. பொம்பளை செத்தா, அவ பொறந்த ஊட்ல இருந்து அண்ணனோ தம்பியோ புதுசா எடுத்துட்டு வந்து போத்தோணும். அது வர்ற வரைக்கும் பொணத்தைத் தூக்க மாட்டாங்க. எவ்வளவு பெரிய எடத்துல வாக்கப்பட்டுப் போயிருந்தாலுஞ் செரி, வாசல்ல கூடியிருக்கற சனம் “பொறந்த ஊட்டுக் கோடி வந்துருச்சா?”ன்னுதான் மொதல்ல கேக்கும். அந்தக் கேள்விக்கு எனக்கு சினிமாவுல ஒவ்வொரு தடவையும் பதில் இருந்துச்சு.

பொணமா நடிச்சு முடிச்சா இன்னொரு வழக்கம் இருக்குது. ஷாட்டு ஓகே ஆனதும் கேமராவை நிறுத்த மாட்டாங்க. “எந்திரிச்சு சிரிங்கம்மா”ம்பாரு டைரக்டரு. பஞ்சைப் புடுங்கிப்போட்டு, கேமராவைப் பாத்துப் பல்லுத் தெரிய ஒரு சிரிப்புச் சிரிக்கோணும். அதையும் படம் புடிச்சாத்தான் அந்தச் சாவு நம்மளை ஒட்டாதுன்னு நம்பிக்கை. அந்தச் சிரிப்பு படத்துல வராது, எங்கயோ டப்பாவுக்குள்ள கெடக்கும். என்ற சிரிப்பையெல்லாம் எடுத்து யாராச்சும் ஒட்டுனா ஒரு முழுப்படமே தேறும்.

சிநேகிதிக்கு அப்பறம் என்னை காமெடிக்கு இழுத்தாங்க. எல்லாம் என்ற பேச்சாலதான். “ஏனுங்க மாமா”ன்னு நான் வாயத் தொறந்தாலே தியேட்டர்ல சிரிப்பாணி அடங்காது. எங்க ஊர்ல அதுக்கு ஒருத்தனுஞ் சிரிக்க மாட்டான், தண்ணி கேக்கறதே நாங்க அப்படித்தான் கேப்போம். காமெடிப் படத்துலயும் செத்திருக்கேன். தென்னமட்டை தலையில விழுந்து செத்து, காரியத்துக்கு வடை பத்தலைன்னு கேட்டுப்போட்டுப் பாடையில எந்திரிச்சு உக்காந்தேன். அப்பறம் ரெண்டு படத்துல கதாநாயகி. ரெண்டும் ஓடலே. உடனே அடுத்த வேஷத்துக்குத் தள்ளிவிட்டுட்டாங்க, கொழுந்தனாரைக் கொல்ற அண்ணியா. அது ஓட்டமா ஓடுச்சு. மேட்டுப்பாளையம் மார்க்கெட்ல கருவேப்பிலை விக்கற அம்மா என்னைப் புடிச்சுட்டு, அந்தப் பச்சப்புள்ளைக்கு விஷம் வெக்க உனக்கு எப்படி மனசு வந்துச்சுன்னு வெளுத்து வாங்கிப்போட்டாங்க. நான் மன்னிப்புக் கேட்டுட்டு வந்தேன். வேற என்ன பண்றது?

சாமி படம் வந்தப்ப சாமியானேன். பேய்ப்படம் வந்தப்ப கண்ணுல வெள்ளை லென்ஸ் மாட்டிக்கிட்டு உத்தரத்துல தொங்கினேன். சாமிக்குச் சாவு கெடையாது, பேய்க்குச் செத்த பொறகுதான் சம்பளமே. அப்பறம் அம்மா, மாமியாரு, நெஞ்சு வலி, கேன்சர், தீ விபத்து. பேட்டி எடுக்க வந்த ஒரு புள்ள, காமெடி, வில்லி, சாமி, பேய் எல்லாம் பண்ணிட்டீங்களே மேடம், எது கஷ்டம்னு கேட்டுச்சு. பொணம்னேன். அந்தப் புள்ள சிரிச்சுட்டே எழுதிட்டுப் போச்சு. நெசமாத்தான் சொன்னேன். மூக்கு மேல ஈ உக்காந்தாலும் மூச்சு விடாமக் கெடக்கோணும். சுத்தி நின்னு அழுவறவங்க அத்தனை பேரும் சம்பளத்துக்கு வந்தவங்கன்னு தெரிஞ்சும் கெடக்கோணும்.

எங்க ஊரு கருமத்தம்பட்டிக்குப் பக்கம். ஊட்டுக்குப் பின்னாடியே எங்கப்பாவோட தறிக்கொட்டாய். தறிச் சத்தத்துல தூங்கி வளந்த பொறப்பு நாங்க, சத்தம் நின்னாத்தான் முழிப்பு வரும். பொள்ளாச்சியில ஒரு படம் எடுக்க வந்தவங்க கூட்டத்துல நிக்க காலேஜ்ல இருந்து புள்ளைங்களைக் கூட்டிட்டுப் போனாங்க. அங்க ரெண்டு வரி பேசச் சொன்னாங்க, பேசினேன். மெட்ராசுக்கு வர்றியான்னு கேட்டாங்க, வர்றேன்னுட்டேன். எங்கப்பா கத்தலே, அடிக்கலே. போனா இந்தப் படி மிதிக்கக்கூடாதுன்னு ஒரே வார்த்தைதான். என்ற தம்பிக்கு அப்பப் பதினஞ்சு வயசு. அவருக்குத் தெரியாம என்ற டிரங்குப் பொட்டியைத் தலையில தூக்கிட்டு பஸ் ஏத்திவிட வந்தான். ஜன்னலைப் புடிச்சுட்டு, “சுருக்கா வந்துருக்கா”ன்னான். பஸ்ஸு கெளம்பியும் கையை எடுக்கலே, கொஞ்ச தூரம் ஓடியே வந்தான்.

அந்தத் தம்பிதான் பொறகு எங்கப்பாவா மாறிட்டான். சில ஆம்பளைங்க அப்படித்தான், அப்பன் சொன்னதை அப்பன் செத்த பொறகும் காப்பாத்துவாங்க. அப்பா போனதை எனக்குச் சொல்லலே. அம்மா போனது மூணாம் நாளுதான் தெரியும், எங்க சித்தப்பா மகதான் போன் பண்ணிச் சொன்னா. நானும் வீம்பு புடிச்சவதான். ஒரு தடவை போன் பண்ணினேன். எடுத்தாங்க, என்ற குரலைக் கேட்டதும் வெச்சுட்டாங்க. அதுக்கப்பறம் பண்ணலே.

அவன்ற கல்யாணத்தன்னிக்கு நான் காரமடைப் பக்கம் சாமி படத்துல இருந்தேன். எங்க பக்கத்துக் கல்யாணத்துல இணைச்சீர்னு ஒண்ணு உண்டு. மாப்பிள்ளைக்குப் பக்கத்துல அவன் கூடப்பொறந்தவ நிக்கோணும். கூறைச்சேலையோட ஒரு தலைப்பு அவன்கிட்ட, மறு தலைப்பு இவகிட்ட. நீ கல்யாணம் பண்ணிக்கிட்டாலும் நம்ம ஒறவு விடாதுன்னு அதுக்கு அர்த்தம். கூடப்பொறந்தவளுக்குச் சேலையும் எடுத்துக் குடுப்பாங்க. நான் ஒருத்தி உசுரோட இருக்கறப்பவே, சித்தப்பா மகளை நிக்க வெச்சுச் சீரை முடிச்சுட்டாங்க. இதை அவளே எனக்கு அழுதுட்டே சொன்னா, அவ மேல எனக்கு வருத்தமில்லே. அன்னிக்குத்தான் கல்யாணம்னு தெரிஞ்சே, மஞ்சத் துணி கட்டி, கையில சூலத்தோட நான் மரத்தடியில உக்காந்திருந்தேன். அந்த ஊருப் பொம்பளைங்க வரிசையா வந்து என்ற காலுல விழுந்தாங்க. ஒரு பாட்டம் அழுது தீத்துடலாம்னா மேக்கப்பு கலைஞ்சு போயிரும். விழுந்தவங்க நெத்தியிலெல்லாம் துந்நூறு பூசிவிட்டேன்.

நான் கல்யாணம் பண்ணிக்கலே. ஏன்னு பத்திரிகைக்காரங்க கேட்டா நேரமில்லேன்னு சொல்லுவேன். நேரமெல்லாம் இருந்துச்சு, ஆள்தான் அமையலே.

அஞ்சு வருசத்துக்கு முன்னாடி மெட்ராசைக் காலி பண்ணிட்டு வடவள்ளியில ஒரு பிளாட்டுக்கு வந்தேன். சமையக்கட்டு ஜன்னல்ல மருதமலை தெரியும். ஏன் வந்தீங்கன்னு கேக்கறவங்களுக்கு கிளைமேட்டுன்னும் சிறுவாணித் தண்ணின்னும் சொல்லி வெச்சிருக்கேன். எவளாவது தண்ணிக்காக ஊடு மாத்துவாளா? கோடிக்காக வந்தேன். மெட்ராஸ்ல செத்தா, சேதி போயி, அவன் மனசு எளகி, வண்டியேறி வர்றதுக்குள்ள என்னை எரிச்சே முடிச்சிருப்பாங்க. இங்கிருந்து எங்க ஊருக்கு ஒரு மணி நேரம், சிக்னல்ல மாட்டுனா ஒண்ணரை. உசுரோட இருக்கறப்பத்தான் வரமாட்டான், செத்தாலாச்சும் வருவான்ல. அந்தத் தூரத்துல இருக்கோணும்னு வந்தேன். இதை யாருகிட்டச் சொல்ல முடியும்?

பிளாட்டுல எல்லாரும் நெம்ப மரியாதை. லிப்டுல பாத்தா செல்பி எடுப்பாங்க, கதவை மூடுனா அவங்கவங்க ஊடு. மூணாவது மாடிக் கொழந்தை ஒண்ணு, “நீங்க பேயிதானுங்களே?”ன்னு கேக்கும். ஆமாங் கண்ணும்பேன். பல நாளு நான் வாயைத் தொறந்து பேசற ஒரே பேச்சு அதுதான்.

கடைசியா ஒரு சீரியல்ல மாமியாரா நடிச்சுட்டு இருந்தேன். முட்டி தேஞ்சுபோச்சு, நிக்க முடியலே, விலகிக்கறேன்னு சொன்னேன். “அப்ப அம்மாவைச் சாகடிச்சுடறோங்க”ன்னாங்க, அவ்வளவு பணிவா. நான் வரக்கூட வேண்டாமாம், ஒரு போட்டோவை வாட்ஸ்அப்புல அனுப்புனாப் போதுமாம், மாலை போட்டு மாட்டிக்குவாங்களாம். சிரிக்கற ஷாட்டு எடுக்கோணுமேன்னேன். போட்டோவுக்கு எதுக்கும்மான்னுட்டாங்க. அனுப்பிப்போட்டு கண்ணாடி முன்னாடி போயி நின்னேன். ஒத்தையில நின்னு பல்லைக் காட்டறது பைத்தியக்காரத்தனமா இருந்துச்சு, சிரிக்காமயே வந்துட்டேன். அதுல நான் பண்ணுன தப்பு அது.

அவங்க அந்தச் சாவை அவிநாசி ரோட்டோரமா ஒரு ஊர்ல எடுத்திருக்காங்க. எங்க பக்கம் சாவுன்னா பிளக்ஸ் வெக்காம முடியாது. இவங்களும் என்ற போட்டோவை ஆளு ஒசரத்துக்குப் போட்டு, கண்ணீர் அஞ்சலின்னு அடிச்சு, நாலு ரோடு சந்திக்கற எடத்துல ஒரு பேக்கரி முன்னாடி கட்டிப் படம் புடிச்சிருக்காங்க. முடிஞ்சதும் கேமராவைக் கட்டினாங்க, லைட்டைக் கட்டினாங்க, பிளக்ஸை அவுக்க மறந்துட்டுப் போயிட்டாங்க. அந்தப் பேக்கரியிலதான் என்ற தம்பி தெனமும் காலையில டீ குடிக்கறவன். அது எனக்கெப்படித் தெரியும்?

அன்னிக்குக் காலையில பத்து மணி இருக்கும். நைட்டி மேல ஒரு துண்டைப் போட்டுட்டு கீரை ஆஞ்சுட்டு இருந்தேன். பெல்லடிச்சுது. கதவைத் தொறந்தா எங்கப்பா நிக்கறாரு. வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, தோள்ல துண்டு, அதே தாடை, அதே நெத்தி. செத்த மனுசன் எங்கிருந்து வருவாருன்னு நெனைக்கறதுக்குள்ள, கையில இருந்த ஜவுளிக்கடைப் பையைப் பாத்தேன். தம்பின்னு புரிஞ்சுது.

அவன் என்ற மூஞ்சியைச் சரியாக்கூடப் பாக்கலே. எனக்குப் பின்னாடி ஹாலைத்தான் எட்டிப் பாத்தான். நான் தலைக்குச் சாயம் அடிக்கறதை உட்டு நாலு மாசம் ஆச்சு, மூஞ்சியில மேக்கப்பு இல்லே, பல்செட்டும் டம்ளர்ல கெடந்துச்சு. அக்கம்பக்கத்துப் பொம்பளைன்னு நெனச்சுட்டான்.

“ஏனுங்க, எந்த ரூம்புலீங்க வெச்சிருக்கீங்க?”ன்னு கேட்டான்.

பையையும் வேட்டியையும் பாத்ததுமே எனக்கு எல்லாம் வெளங்கிருச்சு. எத்தனை கோடி போத்திக்கிட்ட ஒடம்பு இது, அதுக்குத் தெரியாதா?

“எங்கயும் வெக்கலே கண்ணு. நான்தான்”னேன்.

செவுத்தைப் புடிச்சுட்டு அப்படியே செருப்பு விடற எடத்துல ஒக்காந்துட்டான். எனக்கு என்ன ஆச்சோ, பொக்கை வாயோட சிரிச்சேன். நாப்பது வருசப் பழக்கம், பொணம் எந்திரிச்சா சிரிக்கோணும். அவன் துண்டுல மூஞ்சியைப் பொத்திக்கிட்டான், தோளு ரெண்டும் குலுங்குச்சு. எதுத்த ஊட்டுக்காரங்க பாக்கறதுக்குள்ள கையைப் புடிச்சு உள்ள இழுத்து சோபாவுல உக்கார வெச்சேன். அவன் கை எங்கப்பா கை மாதரியே சொரசொரன்னு இருந்துச்சு.

பேக்கரி, பிளக்ஸு எல்லாத்தையும் அப்பத்தான் சொன்னான். போட்டோவைப் பாத்தானாம், அதுக்குக் கீழ சீரியல் மாமியார் பேருதான் போட்டிருக்குன்னு படிக்கக்கூடத் தோணலையாம். டீயை அப்படியே வெச்சுட்டு ஊட்டுக்குக்கூடச் சொல்லாம, வர்ற வழியில ஜவுளிக்கடை தொறக்கற வரைக்கும் வாசல்ல நின்னு சேலை எடுத்துட்டு வந்திருக்கான். கேட்டுல ஏன் விசாரிக்கலேன்னேன். வாட்ச்மேன் மோட்டார் போடப் போயிருந்திருப்பான் போல, ஆளைக் காணமுன்னான். செரி, விலாசம் யாரு குடுத்தான்னேன். தல குனிஞ்சுட்டான். நான் வடவள்ளிக்கு வந்த மாசத்துல இருந்தே அவனுக்குத் தெரியுமாம். ரெண்டு தடவை மருதமலைக்கு வந்தப்ப இந்த ரோட்டுலயேதான் போயிருக்கான்.

எனக்குக் கோவம் அப்பத்தான் வந்துச்சு. நல்லாக் கேட்டுப்போட்டேன். அஞ்சு வருசமா வழி தெரிஞ்சும் வராதவனுக்கு, நான் செத்தேன்னதும் காலு எப்படித் தானா நடந்துச்சு? உசுரோட இருக்கறவ மூஞ்சி அடையாளம் தெரியலே, பொணத்துக்குச் சேலை எடுக்க மட்டும் தெரியுதான்னேன். காப்பி போட்டுக் குடுத்தேன். சாவுக்குன்னு கெளம்புனவன், தலைக்குத் தண்ணி ஊத்தாம எதையும் வாயில வெக்க மாட்டான். யாருஞ் சாவலே, குடின்னு அதட்டுனேன். பாதி குடிச்சான்.

காப்பி டம்ளரைப் பாத்துட்டே பேசினான். “கீழ பந்தல் இல்லீங்க. ஒரு சேர்கூட இல்லீங்க. யாருமே வரலையாட்ட இருக்குதுன்னு நெனச்சேன். நாம மட்டுந்தான்னு நெனச்சுட்டே படியேறுனேனுங்க.”

ஜன்னல்ல புடிச்ச கையை எடுக்காம ஓடி வந்தவன், இப்ப எனக்கு ‘ங்க’ போட்டுப் பேசறான். ஆனா அவன் சொன்னதுல தப்பில்லே. நெசமா செத்திருந்தாலும் கீழ சேர் இருந்திருக்காது. எனக்கு அதுக்கப்பறம் கோவப்பட ஒண்ணும் மிச்சமில்லே.

போறதுக்கு எந்திரிச்சவன் பையைப் பாத்துட்டே நின்னான். கோடியைத் திருப்பி ஊட்டுக்குக் கொண்டு போகக்கூடாது. உசுரோட இருக்கறவ கையில குடுக்கவும் கூடாது. குப்பையில போட அவனுக்கு மனசு வரலே. நான் பையை வாங்கப் போனேன், வேண்டாங்கன்னு பின்னால மறைச்சான். புடுங்கிப் பிரிச்சேன். அரக்குச் சேலை, பச்சைக் கரை. சினிமாக் கம்பெனிக்காரங்க எடுக்கற கோடியெல்லாம் கஞ்சி மொடமொடக்கற மட்டச் சேலையா இருக்கும். எரிக்கற சேலைதானேன்னு நெசமான சாவுலயுங்கூடச் சனம் அதைத்தான் எடுக்கும். இது நல்ல பட்டு. கல்யாணத்துக்குக் கட்டிட்டுப் போற சேலை.

“உன்ற இணைச்சீர்ல எனக்கொரு சேலை வரோணும். அதுதான் இது”ன்னேன். “ஒரு தலைப்பைப் புடி.”

அபசகுனம், வேண்டாங்கன்னு கையை எடுத்தான். நான் மறு தலைப்பைப் புடிச்சுட்டு நின்னுட்டே இருந்தேன். முட்டி வலி உசுரு போச்சு, நகரலே. கடைசியில வந்து புடிச்சான். ஹால் நடுவுல, ஆஞ்சும் ஆயாமயும் கெடந்த கீரைக்குப் பக்கத்துல, ரெண்டு கெழடும் ஒரு சேலையோட ரெண்டு முனையைப் புடிச்சுட்டு நின்னோம். அவனே மடிச்சுக் குடுத்தான்.

செருப்பை மாட்டினான், லிப்டு வந்துச்சு, உள்ள போயிட்டான். எழவு ஊட்ல இருந்து கெளம்பறவங்க போயிட்டு வாரேன்னு சொல்லக்கூடாது, ஒண்ணும் சொல்லாமத்தான் போவோணும். அவனும் சொல்லலே. அப்படின்னா அவன் வந்துட்டுப் போறது எழவு ஊடுதான். முட்டியை இழுத்துட்டுப் போயி லிப்டுக் கதவுல கையைக் குடுத்து நிறுத்தினேன்.

“சொல்லிப்போட்டுப் போடா”ன்னேன்.

என்ற மூஞ்சியை அப்பத்தான் நேருக்கு நேராப் பாத்தான். ஓடற பஸ்ஸைப் பாத்தானே, அந்தப் பார்வை.

“வாரேன்க்கா”ன்னான்.

கதவு மூடிருச்சு. இது ஆச்சு ஏழெட்டு மாசம். பிளக்ஸை அவனே அன்னிக்குச் சாயந்தரம் அவுத்துட்டதாச் சித்தப்பா மக சொன்னா. பொங்கல் போச்சு, அவன் பேரனுக்குக் காதுகுத்துக்கூடப் போச்சு. அந்தச் சேலையைக் கட்டிட்டு ஒரு தடவை மருதமலைக்குப் போயிட்டு வந்து பீரோவுல மடிச்சு வெச்சிருக்கேன். காலையில பத்து மணி ஆனா கீரை ஆயறேனோ இல்லையோ, பல்செட்டை மாட்டிக்கறேன். அடுத்த தடவை வர்றப்ப கையில என்ன கொண்டு வருவான்னு தெரியாது. ஆனா வாரேன்னு சொல்லிப்போட்டுத்தான் போனான்.